எலினாஷாவுக்கு அர்த்தம் கேட்டவர்கள்

விக்கிரமசிங்கபுரம் நூல் மில்லில் ஸ்பின்னிங் பிரிவில் வேலை பார்த்த ஆவுடைநாயகத்துக்குத் தொண்ணூற்று நாலாம் வருஷம் ஆடி மாதம் பெண் குழந்தை பிறந்தது. குழந்தை பிறக்கும்போது தான் பிரசவ அறைக்கு வெளியே நின்றுகொண்டிருந்ததாக அவன் எல்லோரிடமும் சொல்வான். நின்றது உண்மைதான். கடைசிக் கால்மணி நேரம் நின்றான். அதற்கு முன்பு திசையன்விளையில் கபடி பார்த்துக்கொண்டிருந்தான்.

ஆடுவதற்குப் போகவில்லை. மில் அணிக்குக் கைதட்டப் போனான். மனைவி நீலாம்பாள் நிறைமாதமாக இருந்தாள். "போகாதீங்க" என்று சொன்னாள். "இன்னும் நாள் கெடக்குன்னு டாக்டரம்மாவே சொல்லிட்டாவளா இல்லையா? பொழுது சாயுமுன்ன வந்து நிக்கேன்" என்று சொல்லிவிட்டு வேன் ஏறினான். மில் அணி முதல் ஆட்டத்திலேயே தோற்றது. வந்ததற்கு இறுதிப் போட்டியையாவது பார்த்துவிட்டுப் போகலாம் என்று எல்லோரும் தங்கிவிட்டார்கள்.

மறுநாள் ஊர் திரும்பி, கையில் ஒரு கருப்பட்டிச் சிப்பத்தோடு பஸ் ஸ்டாண்டில் இறங்கியவனை டீக்கடை அசன் மைதீன் கைகாட்டிக் கூப்பிட்டார்.

"உம்ம பொண்டாட்டிக்கு வலி எடுத்து, பக்கத்து வீட்டு யூனிஸ் டீச்சர் பஸ்ஸுல ஏத்தி அம்பாசமுத்திரம் ஆஸ்பத்திரிக்குக் கொண்டு போயாச்சு. நீரு பைய டீ குடிச்சிட்டுப் போரும் வே."

ஆவுடைநாயகம் யாருடைய சைக்கிளையோ எடுத்துக்கொண்டு பறந்தான். ஆஸ்பத்திரியில் பிரசவ அறைக் கதவு சாத்தியிருந்தது. வராந்தாவில் இரண்டு குழந்தைகள் போட்டி போட்டு அழுதன. அதையெல்லாம் மீறிக்கொண்டு உள்ளேயிருந்து நீலாம்பாளின் குரல் வந்தது.

"எலேனாசா..."

கொஞ்சம் இடைவெளி. மறுபடியும், முன்னைவிடச் சத்தமாக, "எலேனாசா..."

மூன்றாவது முறை அந்தக் குரல் ஓய்ந்ததும் குழந்தை அழும் சத்தம் கேட்டது.

ஆவுடைநாயகத்துக்கு மயிர்க்கூச்செறிந்தது. பிள்ளைக்கு ஒரு நல்ல பேராக யோசித்து வை என்று மாதக்கணக்காக அவளிடம் சொல்லிக்கொண்டிருந்தான். அவளும் "ம்" கொட்டிக்கொண்டிருந்தாள். யோசித்து வைத்துக்கொண்டு சொல்லாமல் இருந்திருக்கிறாள்! உயிர் போகிற நேரத்திலும் பிள்ளையைப் பேர் சொல்லிக் கூப்பிட்டே உலகத்துக்குக் கொண்டுவந்திருக்கிறாள்! அவர்கள் தெருவில் அப்போது ஐஸ்வர்யாக்களும் பிரியதர்ஷினிகளும் வாசலுக்கு ஒன்றாகத் தவழ்ந்துகொண்டிருந்தார்கள். இப்படி ஒரு பேர் ஜில்லாவிலேயே கிடையாது. 'சா' மட்டும்தான் கொஞ்சம் பழசாகப் பட்டது. அதை 'ஷா' ஆக்கினான். முன்னால் இருந்ததையும் லேசாக இழைத்துவிட்டான்.

உள்ளே விட்டதும் குனிந்து குழந்தையின் காதில் "எலினாஷா" என்றான்.

நீலாம்பாள் அரைக்கண்ணைத் திறந்து பார்த்தாள். திசையன்விளையில் எங்கேயோ கேட்டு வந்திருக்கிறான் போல, கபடிக்குப் போன இடத்திலும் பிள்ளை நினைப்பு இருந்திருக்கிறதே என்று நினைத்துக்கொண்டாள். பேரும் கேட்க நன்றாக இருந்தது. சிரித்தாள். தான் வைத்த பேரைப் புருஷன் சொன்னதால் சிரிக்கிறாள் என்று அவன் நினைத்தான்.

இப்படியாக அந்தப் பேரை யார் வைத்தது என்று இருவருமே கேட்டுக்கொள்ளாமல் நாலு வருஷம் ஓட்டினார்கள். குழந்தை வீட்டில் 'எலி' ஆனாள்.

ஊர் அப்படி விடுமா? முதலில் கேட்டவன் நீலாம்பாளின் அண்ணன் சொரிமுத்து. கல்லிடைக்குறிச்சியில் உரக்கடை வைத்திருந்தான். சுலபத்தில் எதையும் ஒத்துக்கொள்ளாதவன்.

"அது என்ன பேரு மாப்ள? எலிங்கீங்க, பூனைங்கீங்க. அர்த்தம் என்ன?"

தனக்கே தெரியாது என்று சொன்னால் மானம் போகும். மனைவியிடம் கேட்கலாம் என்றால் அது அதைவிட மானக்கேடு. ஆவுடைநாயகம் தொண்டையைச் செருமினான். "அம்பாளுக்கு ஆயிரத்தெட்டு நாமம் உண்டுலா மச்சான்? அதுல கடைசிப் பக்கம் வருது. ஐயர்மாருக்கே பாதிப் பேருக்குத் தெரியாது."

சொரிமுத்து கன்னத்தில் போட்டுக்கொண்டான்.

அது வேலை செய்ததும் ஆவுடைநாயகத்துக்குத் தைரியம் வந்துவிட்டது. யூனிஸ் டீச்சர் கேட்டபோது, "வேதத்துலதான் வருது டீச்சர், பழைய ஏற்பாட்டுல" என்றான். டீச்சர் ஆதியாகமத்தில் தொடங்கி மல்கியா வரை இரண்டு முறை தேடினார். கிடைக்கவில்லை. மெஞ்ஞானபுரத்தில் பிறந்து, ஞாயிறு பள்ளியில் பரிசு வாங்கிய தனக்கு ஒரு வேதாகமப் பேர் தெரியவில்லை என்று வெளியே சொல்ல வெட்கப்பட்டு, "ஆமா, வாசிச்சிருக்கேன்" என்றார்.

அசன் மைதீனிடம் அது பாரசீக ராஜாவின் மகள் பேர் ஆனது. அவர் பாலை ஆற்றிக்கொண்டே, "சரிதான், ஷான்னு முடியுதே" என்று ஒத்துக்கொண்டார். யூனியன் செயலாளர் கோமதிநாயகத்திடம் அது ரஷ்யாவில் முதன்முதலாக டிராக்டர் ஓட்டிய பெண்ணின் பேர். ரஷ்யா உடைந்த துக்கம் அவருக்கு இன்னும் ஆறவில்லை. குழந்தையை வாங்கி நெஞ்சோடு அணைத்துக்கொண்டார். கண் கலங்கிவிட்டது.

நாலு பேரும் அந்தக் குழந்தையைத் தங்கள் ஆளாகவே நினைத்தார்கள். கிறிஸ்துமஸுக்குக் கேக், ரம்ஜானுக்கு நோன்புக்கஞ்சி, மே தினத்துக்கு சிவப்பு கவுன், நவராத்திரிக்குப் பாவாடை என்று எலினாஷாவுக்கு வருஷம் முழுக்க வரத்து இருந்தது. நீலாம்பாள் பீடி சுற்றிக்கொண்டே, இந்தப் பிள்ளைக்கு இவ்வளவு ராசியா என்று ஆச்சரியப்படுவாள்.

குழந்தைக்கு நாலு வயசு முடிந்ததும் பாபநாசத்தில் ஒரு மண்டபம் பிடித்துக் காதுகுத்து வைத்தார்கள். ஆற்றங்கரைப் பக்கம் மண்டபம். தேங்காய்ப்பால் ஊற்றிய சொதிச் சாப்பாடு. ரேடியோ செட்காரன் காலையிலிருந்தே அலறவிட்டுக்கொண்டிருந்தான். சொரிமுத்து மடியில் குழந்தையை உட்கார வைத்தாயிற்று. ஆசாரியும் ஊசியைத் துடைத்துக்கொண்டு தயாராக இருந்தார். அந்த நேரத்தில் சொரிமுத்துவுக்கு மைக்கில் இரண்டு வார்த்தை பேசத் தோன்றிவிட்டது.

"எங்க அம்பாளோட பேரைத் தாங்குன என் மருமவளுக்கு, தாய்மாமன் செய்முறையா ஒரு ஜோடி தங்கக் கம்மல்..."

"அம்பாளா?" முதல் வரிசையிலிருந்த யூனிஸ் டீச்சர் பதறி எழுந்தார். "தம்பி, அது வேதாகமப் பேருலா?"

"எந்த வேதத்துல டீச்சர்? எங்க வேதத்துலயா, உங்க வேதத்துலயா?"

கோமதிநாயகம் மேடைக்கே வந்து மைக்கைப் பிடுங்கிக்கொண்டார். "தோழர்களே, ஒரு உழைக்கும் பெண்ணோட பேரை மதத்துக்குள்ள இழுக்காதீங்க. சோவியத் மண்ணுல டிராக்டர் ஓட்டுன வீராங்கனை..."

"டிராக்டரா?" அசன் மைதீன் சாப்பாட்டுப் பந்தியிலிருந்து எச்சில் கையோடு வந்தார். "யோவ், அவ ராஜா மவ வே! அவ எதுக்கு டிராக்டர் ஓட்டுதா?"

மண்டபம் நாலாகப் பிரிந்தது. ஒருவர் பேசுவது ஒருவருக்குக் கேட்கவில்லை. இந்தச் சந்தடியில் ஆசாரி தன் வேலையைப் பார்த்துக் குழந்தைக்கு ஒரு காதைக் குத்தி முடித்துவிட்டார். குழந்தை வீரிட்டது. சொரிமுத்து மருமகளை ஒரு கையில் தூக்கிக்கொண்டு, மறு கையால் ஆவுடைநாயகத்தின் சட்டையைப் பிடித்தான்.

"இங்கன வாரும் மாப்ள. எல்லாருக்கும் ஒவ்வொண்ணு சொல்லியிருக்கீரு. இந்தப் பேரை எங்கன இருந்து புடிச்சீரு?"

ஆவுடைநாயகம் மூலையில் மாட்டிக்கொண்டான். "எனக்குத் தெரியாது மச்சான். நான் வைக்கல. பேரு வச்சது உம்ம தங்கச்சி."

எல்லோரும் திரும்பினார்கள். சந்தனக் கிண்ணத்தோடு நின்ற நீலாம்பாள் திகைத்துப்போனாள்.

"நானா? நீங்கதானே வச்சீங்க. ஆஸ்பத்திரியில வந்து சொன்னீங்களே."

"நீ கூப்பிட்டதைத்தாம்ட்டி நான் சொன்னேன். உள்ள வலியில கெடந்து மூணு வாட்டி கூப்பிட்டேல்லா? நான் கதவுக்கு வெளிய நின்னு என் காதால கேட்டேன். எலேனாசா, எலேனாசான்னு!"

முதலில் சிரித்தது யூனிஸ் டீச்சர்தான். அன்றைக்குப் பிரசவ அறையில் நீலாம்பாளின் கையைப் பிடித்துக்கொண்டு நின்றவர் அவர். முதலில் வாயைப் பொத்திக்கொண்டார். பிறகு பொத்த முடியாமல் நாற்காலியில் உட்கார்ந்துவிட்டார். "ஐயோ, ஏசப்பா" என்பதற்கு மேல் அவரால் சொல்ல முடியவில்லை.

நீலாம்பாளுக்கு அப்போதுதான் நினைவு வந்தது. முகம் சிவந்தது. கிண்ணத்தைக் கீழே வைத்தாள்.

"அது பேரு இல்ல" என்றாள். கோமதிநாயகம் மைக்கை அணைக்க மறந்து பக்கத்திலேயே பிடித்துக்கொண்டிருந்தார். அதனால் அவள் சொன்னது ஆற்றில் குளித்துக்கொண்டிருந்தவர்கள் வரைக்கும் கேட்டது. "ஏலே, நாசமாப் போவன்னு உங்களை ஏசுனேன். முழுசாச் சொல்ல மூச்சு வரல. ஏலே நாசா...ங்குற வரைக்கும்தான் வந்துச்சு."

மண்டபம் இடிந்து விழுகிற மாதிரி ஒரு சிரிப்பு. பந்தியில் பரிமாறிக்கொண்டிருந்தவன் சொதி வாளியைத் தரையில் வைத்துவிட்டு, தலையைப் பிடித்துக்கொண்டு சிரித்தான். ஆவுடைநாயகம் மட்டும் சிரிக்கவில்லை. கல்யாணமான நாளிலிருந்து "என்னங்க" என்பதைத் தவிர வேறு வார்த்தையால் அவனைக் கூப்பிடாதவள் அவள்.

"பேரை இப்பமே மாத்தணும்" என்றான் சொரிமுத்து. "காந்திமதின்னு வைப்போம். ஐயர கூப்பிடுங்க."

"ரூத்துன்னு வச்சாலும் நல்லாத்தான் இருக்கும்" என்றார் யூனிஸ் டீச்சர், கண்ணைத் துடைத்துக்கொண்டே.

"ஒருத்தரும் மாத்த வேண்டாம்" என்றாள் நீலாம்பாள். குரல் உயரவில்லை. "நாலு பேருக்கும் பேரு பிடிச்சிருந்துச்சு. எனக்கும் பிடிச்சிருந்துச்சு. இப்ப நானே வச்சதுன்னு தெரிஞ்ச பொறவு இன்னும் பிடிச்சிருக்கு. அண்ணே, பிள்ளைய இன்னொரு பக்கம் திருப்பிப் புடி. ஆசாரிக்கு நேரமாவுது."

இரண்டாவது காதும் குத்தியாயிற்று.

அதற்குப் பிறகு ஆவுடைநாயகத்துக்கு மில்லில் பட்ட பாடு கொஞ்சமல்ல. ஷிப்டு மாறும்போது கேட்டிலிருந்து மெஷின் வரைக்கும் யாராவது ஒருவன் "ஏலே நாசா" என்று ராகம் போட்டுக் கூப்பிடுவான். ஆவுடைநாயகம் வீட்டில் பேச்சை நிறுத்தினான். சாப்பாட்டை அசன் மைதீன் கடைக்கு மாற்றிக்கொண்டான். பரோட்டாவைத் தட்டில் வைத்தபடி அவர் ஒரு நாள் சொன்னார்: "உமக்கு எதுக்கு வே கோவம்? அன்னைக்கு வலியோட போன அந்தப் பிள்ளை பஸ்ஸுல என்ன பாடு பட்டுச்சுன்னு ஊருக்கே தெரியும். நீரு ஒரு நாளாவது கேட்டீரா?"

ஆவுடைநாயகம் பரோட்டாவைப் பாதியிலேயே வைத்துவிட்டு எழுந்தான்.

அன்று மத்தியானம் வீட்டுக்கு வந்தான். நீலாம்பாள் முறத்தை மடியில் வைத்துப் பீடி சுற்றிக்கொண்டிருந்தாள். எதிரே உட்கார்ந்தான்.

"அன்னைக்கு பஸ்ஸுல என்ன ஆச்சு?"

அவள் கை நிற்கவில்லை. "இப்ப எதுக்கு?"

"சொல்லு. கேக்கேன்."

சொன்னாள். பஸ் டாணா நிறுத்தத்தைத் தாண்டும்போதே பனிக்குடம் உடைந்தது. யூனிஸ் டீச்சர் தன் கஞ்சி போட்ட சேலையைப் பற்றிக் கவலைப்படாமல் பஸ்ஸின் தரையிலேயே உட்கார்ந்து அவள் தலையை மடியில் வைத்துக்கொண்டார். ஆம்பிளைகள் எல்லோரையும் கண்டக்டர் இறக்கிவிட்டார். வழித்தடத்தில் இல்லாத தெருவுக்குள் பஸ்ஸை விடச் சொல்லி, ஆஸ்பத்திரி வாசல் வரைக்கும் கொண்டு போய் நிறுத்தினார்.

"போற வழியெல்லாம் சன்னல் பக்கமே பார்த்துக்கிட்டுக் கெடந்தேன். எதிர்ல வார வண்டியில எதுலயாவது நீங்க வருவீங்கன்னு. வரல. உள்ள கொண்டு போனதும் வாயில இதுதான் வந்துச்சு. நான் ஏன் பொய் சொல்லணும்?"

ஆவுடைநாயகம் முறத்திலிருந்த பீடி இலை ஒன்றை எடுத்துச் சுருட்டியும் விரித்தும் பார்த்துக்கொண்டிருந்தான். "மில் டீம் மொத ஆட்டத்துலயே தோத்துட்டு" என்றான் கடைசியில். "நான் அப்பவே கெளம்பியிருக்கணும்."

"தோத்துட்டா?" நீலாம்பாள் கையை நிறுத்தினாள். "தோத்த பொறவும் அங்கனயே கெடந்தீங்களா?" என்று கேட்டு, முழு வாக்கியத்தையும் இந்த முறை மூச்சு விட்டு நிதானமாகச் சொன்னாள். அவன் தலையைக் குனிந்துகொண்டு வாங்கிக்கொண்டான். பிறகு அவள் எழுந்துபோய்ச் சோறு போட்டாள்.

அடுத்த வார விடுமுறையில் அவன் பாபநாசம் பஸ் ஸ்டாண்டுக்குப் போய் அந்தக் கண்டக்டரைத் தேடிப் பிடித்தான். வழுக்கை விழுந்த, வெற்றிலை போட்ட ஆள். ஒரு பொட்டலம் அல்வாவை அவர் கையில் வைத்து விஷயத்தைச் சொன்னான்.

கண்டக்டர் யோசித்தார். "நெனப்பு இல்லியே அண்ணாச்சி. இந்த ரூட்டுல அப்பப்ப ஒண்ணு நடக்குது. ஆம்பிளையா, பொம்பிளையா?"

"பொம்பிளப் பிள்ளை. எலினாஷா."

"புதுசா இருக்கே. என்ன அர்த்தம்?"

ஆவுடைநாயகத்தின் தொண்டை வழக்கப்படி செருமத் தயாரானது. அவன் அதை விழுங்கினான். "எங்க வீட்டம்மா என்னை ஏசுனது" என்றான்.

கண்டக்டர் வெற்றிலையைத் துப்பிவிட்டு அவனை ஒரு தடவை மேலும் கீழும் பார்த்தார். "எங்க வீட்டுல ஏசுறதையெல்லாம் பிள்ளைக்குப் பேரா வைக்க ஆரம்பிச்சா, ரேஷன் கார்டுல எடம் பத்தாது வே" என்றார். விசிலைக் கையில் எடுத்தார். "ஏறும், ஏறும். வண்டி கெளம்புது."