நெவில் குடும்பத்துக் கல்

என் கணவருடைய கல்லறைக் கல்லில் என் மாமனாரின் பெயரைச் செதுக்கி நட்டிருக்கிறார்கள். தம்பித்துரை அண்ணை தொலைபேசி எடுத்திராவிட்டால் அது எனக்கு உறைத்திருக்காது.

தம்பித்துரை அண்ணை என் கணவரின் ஆகப் பழைய கூட்டாளி. செவ்வாய்க்கிழமை மத்தியானம் மயானத்தில் நின்றுகொண்டு அழைத்தார். பின்னால் காற்று இரைந்தது.

“தங்கச்சி, சோதியை எங்கை வைச்சிருக்கிறியள்? நான் பூவோடை சுத்திச் சுத்தி வாறன். முந்தி நட்ட பேர்ப் பலகையையும் காணேல்லை.”

“தண்ணிப் பைப்புக்குப் பக்கத்திலைதான் அண்ணை. போன கிழமை கல்லு வைச்சிட்டினம். கறுப்புக் கல்லு.”

“அதைப் பாத்தனான். அது ஆரோ நெவில் எண்டு ஒரு வெள்ளைக்காரன்ர கல்லெல்லோ?”



“அதுதான் அண்ணை. அவற்ர கல்லுத்தான்.”

“அப்ப சோதியின்ர பேர் எங்கை?” என்று கேட்டார்.

பூவைப் பைப்படியில் வைத்துவிட்டுப் போகச் சொன்னேன். முப்பது வருஷமாக ஞாயிற்றுக்கிழமைகளில் எங்கள் வீட்டில் தேத்தண்ணி குடித்த மனிதர், கூட்டாளியின் கல்லுக்கு முன்னால் நின்றுகொண்டு யாரோ வெள்ளைக்காரன் என்கிறார். அவரில் பிழை சொல்ல முடியாது. கறுப்புக் கல்லில் உள்ளங்கை அளவு எழுத்தில் நெவில் என்று ஒரேயொரு சொல். கீழே வெறும் கல். நானும் போன கிழமை போய் அதைத் துணியால் துடைத்துவிட்டு, பஸ் பிடித்து வீட்டுக்கு வந்து, பருப்பு அவித்தேன். ஒன்றும் தோன்றவில்லை.

என் கணவர் போன நாளிலிருந்து நான் இப்படித்தான் இருக்கிறேன். பல்லுப் பிடுங்க ஊசி போட்ட தாடை எப்படி இருக்கும், அப்படி. தொட்டால் தொடுகிறார்கள் என்று தெரியும், அவ்வளவுதான். ஆஸ்பத்திரியிலும் அழவில்லை, எரிக்கிற இடத்திலும் அழவில்லை. செத்த வீட்டுக்கு வந்த பெண்கள் என் கண்ணையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். பார்த்துக் களைத்துப்போய்த் தாங்களே அழுதுவிட்டுப் போனார்கள். வருகிற ஞாயிறு முதலாவது வருஷத் திவசம். சாப்பாடு முடிய எல்லோரும் கல்லைப் பார்க்க வருவார்கள்.

நெவில் என்பது என் மாமனாரின் பெயர். சாவகச்சேரியில் சைக்கிள் கடை வைத்திருந்த, நெற்றி நிறைய விபூதி பூசுகிற மனிதருக்கு அந்தப் பெயர் எங்கிருந்து வந்தது என்று கேட்பீர்கள். அவருடைய தகப்பன் ரயில்வேயில் நெவில் என்ற வெள்ளைக்காரத் துரையிடம் வேலை பார்த்தவர். துரை நல்லவராம். பிள்ளை பிறந்தபோது சம்பளத்தோடு லீவு கொடுத்தாராம். அந்த நன்றிக்குத் துரையின் குடும்பப் பெயரை எடுத்துப் பிள்ளைக்குச் சொந்தப் பெயராக வைத்துவிட்டார். எங்கள் ஆட்களுக்குக் குடும்பப் பெயர் என்று ஒன்று ஏது? தகப்பன் பெயர் முன்னால், தன் பெயர் பின்னால். அதுவும் மகனோடு சரி, பேரனுக்கு அது போகாது.

ஜேர்மனிக்கு வந்திறங்கிய அன்று, பதிகிற இடத்தில் இருந்த அதிகாரி என் கணவரிடம் குடும்பப் பெயரைக் கேட்டார். இவர் அப்படி ஒன்று இல்லை என்றார். குடும்பப் பெயர் இல்லாத மனிதரை எங்களால் பதிய முடியாது என்று அதிகாரி சொல்ல, இவர் தகப்பனுடைய பெயரைச் சொன்னார். முடிந்தது கதை. அன்றிலிருந்து இவர் ஹெர் நெவில், அதாவது திருவாளர் நெவில். பாண் சுடுகிற தொழிற்சாலையில், வைத்தியரிடத்தில், கீழ்வீட்டுக் கிழவியின் வாயில், தபால் பெட்டியில், எல்லா இடத்திலும் நெவில்.

அதில் கொடுமை என்னவென்றால், அந்தத் தகப்பன்தான் இவரை வீட்டை விட்டுத் துரத்தியவர். காரணம் நான். நான் அவர்களுடைய ஆட்கள் இல்லை, வேறு சாதி. “இனி என்ர பேரைச் சொல்லிக்கொண்டு ஒரு இடத்திலையும் போய் நிக்காதை” என்று சொல்லிக் கதவைச் சாத்தினார். பிறகு அந்தக் கதவு திறக்கவே இல்லை. அவர் செத்த செய்தியும் எங்களுக்கு ஊரார் சொல்லித்தான் தெரியும். சொல்லாதே என்ற பெயரை ஜேர்மன்காரர் இவருடைய நெற்றியில் ஒட்டிவிட்டார்கள். வந்த புதிதில் வேலையிடத்தில் யாராவது ஹெர் நெவில் என்று கூப்பிட்டால் திடுக்கிட்டுப் பின்னால் திரும்பிப் பார்ப்பாராம், ஐயா வந்து நிற்கிறாரோ என்று. இதை என்னிடம் சிரித்துக்கொண்டுதான் சொன்னார். எனக்குச் சிரிப்பு வரவில்லை.

எங்கள் மகள் தேனுஜாவும் நெவில்தான். அவள் கட்டிய மத்தியாஸ் ஜேர்மன் பெடியன். அவனுடைய குடும்பப் பெயர் ஓக்ஸ். ஓக்ஸ் என்றால் எருது. பள்ளிக்கூடத்தில் பிள்ளைகள் அவனைக் கண்டால் மாடு மாதிரிக் கத்திக் காட்டுவார்களாம். கல்யாணத்தில் யாருடைய பெயரை எடுப்பது என்று கேட்டதும், தாவி விழுந்து எங்கள் பெயரைப் பிடித்துக்கொண்டான்.

பிடித்ததோடு விட்டானா? ஆராய்ச்சியில் இறங்கினான். நெவில் என்பது பிரான்சில் நோர்மண்டிப் பக்கத்து ஊர்ப் பெயராம். ஆயிரம் வருஷத்துக்கு முந்தி அங்கிருந்து கப்பலேறி இங்கிலாந்தைப் பிடித்தவர்களோடு போன பிரபுக்களாம். பிறகு இங்கிலாந்தில் ராஜாக்களை ஏற்றி இறக்கினார்களாம். காணியும் போய்க் கோட்டையும் போய், பெயர் மட்டும் மிஞ்சி, அதைச் சாதாரண சனம் பிள்ளைகளுக்கு முதற்பெயராக வைக்கத் தொடங்கியதாம். கனடாவில் அந்தப் பெயரில் ஒரு கிராமம்கூட இருக்கிறதாம். குடும்பப் பெயராகப் புறப்பட்டது யாழ்ப்பாணத்தில் ஒரு சைக்கிள் கடைக்காரருக்குச் சொந்தப் பெயராகி, ஜேர்மனியில் திரும்பவும் குடும்பப் பெயராகிவிட்டது என்று அவனுக்கு ஒரே புளகாங்கிதம். நோர்மண்டிக்குக் காரில் போய், ஊர்ப் பலகைக்குக் கீழே நின்று படம் எடுத்து, எங்கள் ஹோலில் கொண்டுவந்து மாட்டினான்.

“அந்தப் பெயருக்குப் புது ஊர் என்று அர்த்தம், பாப்பா” என்று என் கணவரிடம் ஜேர்மனில் சொன்னான். அவர்கள் பேச்சில் பாப்பா என்றால் அப்பா.

இவர் என் பக்கம் திரும்பி, “அப்ப நாங்கள் புத்தூர் ஆக்கள். இதுக்குப் போய் இவன் இவ்வளவு பெற்றோல் அடிச்சிருக்கிறான்” என்றார். சாவகச்சேரியிலிருந்து சைக்கிளில் போகிற தூரத்தில்தான் புத்தூர். அன்றைக்கு நான் நன்றாகச் சிரித்தேன். அது நினைவிருக்கிறது.

நான் அவருடைய பெயரை ஒருநாளும் சொன்னதில்லை. எங்கள் பக்கத்தில் பெண்சாதி புருஷனின் பெயரைச் சொல்வதில்லை. சொன்னால் ஆயுள் குறையுமாம். இந்தக் காலத்துப் பெட்டைகள் சொல்கிறார்கள், புருஷன்மாரும் கல்லுக்குண்டு மாதிரித்தான் இருக்கிறார்கள். என்றாலும் என் அம்மா சொல்லவில்லை, நானும் சொல்லவில்லை. வீட்டில் “இஞ்சேருங்கோ.” வெளியில் யாரும் கேட்டால் ஹெர் நெவில். அது எனக்கு நல்ல வசதியாகப் போயிற்று. மாமனாரின் பெயரும் மருமகள் சொல்லக்கூடாததுதான். கதவைச் சாத்தினவருக்கு அவ்வளவு மரியாதை போதும் என்று விட்டுவிட்டேன்.

அந்த வசதிதான் கடைசியில் கல்லில் வந்து நின்றது. எரித்த சாம்பலை இங்கே வீட்டில் வைத்திருக்க விடமாட்டார்கள். ஊருக்கு, கீரிமலைக் கடலுக்குக் கொண்டுபோய்க் கரைக்கலாம் என்றால் தேனுஜாவுக்கு அப்போது நிறைமாதம். அதனால் சாம்பலை இங்கேயே புதைத்தோம். கல் செய்பவரிடம் நான்தான் போனேன். பெயர் என்ன என்று கேட்டார். நெவில் என்றேன். வாய் பழக்கத்தில் சொல்லிற்று.

“குடும்பப் பெயர் மட்டும் போதுமா? பலர் அப்படித்தான் செய்கிறார்கள். பிறகு வருகிறவர்களுக்கும் அதே கல் உதவும்.”

பிறகு வருகிறவள் நான்தான். ஓம் என்பதற்கு யா என்று தலையாட்டினேன். வீட்டில் அவர் இருந்த நாற்காலியை விற்கலாமா என்று கேட்டிருந்தாலும் அன்றைக்கு யா என்றுதான் சொல்லியிருப்பேன். மாதிரிப் படம் மத்தியாஸின் போனுக்கு வந்தது. அவன் கட்டைவிரலைத் தூக்கிக் காட்டினான். தேனுஜா பிள்ளைக்குப் பால் கொடுத்தபடி பார்த்துவிட்டு வடிவாய் இருக்கிறது என்றாள். அவர்களும் நெவில், பேரன் யோனாஸும் நெவில். அவர்களுக்கு அதில் என்ன குறை தெரியும்?

தம்பித்துரை அண்ணையோடு கதைத்த பிறகு நான் அடுப்பை நிறுத்திவிட்டு மயானத்துக்குப் போனேன். அவர் கொண்டுவந்த செவ்வந்திப் பூ பைப்படியில், தண்ணீர் வார்க்கிற வாளிக்குப் பக்கத்தில் கிடந்தது. எடுத்துக் கல்லடியில் வைத்தேன். வைத்துவிட்டு நிமிர்ந்தால், கண்ணுக்கு நேரே மாமனார்.

மகனை வாசலோடு அனுப்பிவிட்டு, அவன் செத்த பிறகு அவனுடைய இடத்தில் கால் நீட்டிப் படுத்திருக்கிறார். எனக்குக் கோபம் வந்தது. ஒரு வருஷத்தில் எனக்கு ஏதோ ஒன்று வந்தது அதுதான் முதல் தடவை. அங்கே நின்றே மத்தியாஸுக்குப் போன் எடுத்தேன். எங்கள் பேச்சு ஜேர்மனில்தான்.

“ஞாயிற்றுக்கிழமைக்கு முன்னம் அவருடைய பெயர் கல்லில் வர வேணும்.”

“அம்மா, பெயர்தான் இருக்கிறதே?”

“அது அவரைத் துரத்தினவரின் பெயர்.”

அவனுக்கு அந்தக் கதை தெரியாது. தேனுஜாவுக்கே பாதிதான் தெரியும். பைப்படித் திட்டில் குந்தியிருந்து முழுவதையும் சொன்னேன். பிரபுக்கள், கோட்டைகள், கனடாக் கிராமம் எல்லாம் தேடிப் பிடித்தவன், சாவகச்சேரிக் கதவைப் பற்றி இப்போதுதான் கேள்விப்பட்டான். பிறகு, “நாளைக்கு லீவு போடுகிறேன், நானே உங்களைக் கூட்டிப் போகிறேன்” என்றான். நல்ல பிள்ளை. நெவில் ஆனாலும் ஓக்ஸ் ஆனாலும் நல்ல பிள்ளைதான்.

கல் செய்பவரின் பட்டறை முழுக்க வெள்ளைத் தூள். பெயர் எழுதாத கற்கள் சுவரோடு சாய்ந்து நின்றன. வெள்ளிக்கிழமை மயானத்துக்கே வந்து கையால் செதுக்கித் தருகிறேன் என்றார். மேலே இருப்பதை அழிக்கலாமா என்று மத்தியாஸ் கேட்டான். கேட்கும்போது அவன் முகம் ஒரு மாதிரி இருந்தது, தன் பெயரை அல்லவா அழிக்கக் கேட்கிறான்.

“அழிப்பதென்றால் கல்லைக் கழற்றி முகத்தை முழுக்கச் சீவ வேண்டும். ஞாயிற்றுக்கிழமைக்கு முடியாது.”

“இருக்கட்டும்” என்றேன். “கீழே இவருடைய பெயரை அதே அளவில் போடுங்கள். ஒரு மயிரிழையும் குறையக் கூடாது.”

அப்படிப் போட்டால் தகப்பன் பெயர் முன்னால், மகன் பெயர் பின்னால், ஊரில் எழுதுகிற மாதிரியே வரும். சொல்லிக்கொண்டு நிற்காதே என்றவர் இனி எழும்பி வந்தா தடுக்கப் போகிறார்? நிற்கட்டும் இரண்டு பேரும் ஒன்றாக.

கல் செய்பவர் மரணச் சான்றிதழைப் பார்த்து எழுத்துகளைத் தாளில் அடுக்கினார். கண்ணாடியை மூக்கில் ஏற்றிக்கொண்டு, “செதுக்குவதற்கு முன்னால் எப்போதும் வாய்விட்டு வாசிப்பேன்” என்றார்.

வாசித்தார். ஸோட்டி என்றார். ஸொத்திலின் என்றார். காம் என்று எங்கேயோ கொண்டுபோய் முடித்தார். மத்தியாஸ் உதவிக்குப் போனான். அவன் சொன்னது அதைவிட மோசம். ஆறு வருஷம் பாப்பா, பாப்பா என்று என் வீட்டில் சாப்பிட்டவன், அந்தப் பெயரை ஒருமுறைகூடச் சொல்லிப் பார்த்ததில்லை. இரண்டு பேரும் மாறி மாறி அதைச் சப்பித் துப்பிக்கொண்டிருந்தார்கள். பொறுத்துப் பார்த்தேன். முடியவில்லை.

“சோதிலிங்கம்” என்றேன்.

யார் சொன்னது என்று எனக்கே கொஞ்சம் விளங்கவில்லை. மத்தியாஸ் சடாரென்று என்னைப் பார்த்தான். நான் சொல்வதில்லை என்பதைத் தேனுஜா அவனுக்குச் சொல்லியிருப்பாள்.

“தயவுசெய்து இன்னொரு முறை” என்றார் கல் செய்பவர்.

“சோதிலிங்கம்.”

ஆயுள் குறையும் என்று இத்தனை காலம் பொத்தி வைத்த பெயர். குறைவதற்கு இனி என்ன இருக்கிறது? சொல்ல நன்றாகத்தான் இருந்தது. அவர் இருக்கும்போதே சொல்லியிருக்கலாம் போல இருந்தது. அதுதான் எனக்குத் தாங்க முடியவில்லை. நெஞ்சுக்குள் எங்கேயோ நோகத் தொடங்கிற்று.

மூன்றாம் தடவை யாரும் கேட்காமலே சொன்னேன். சாப்பாட்டைப் போட்டு வைத்துவிட்டு, அடுத்த அறையில் இருக்கிற ஆளைக் கூப்பிடுகிற மாதிரி உரத்துச் சொன்னேன். சொல்லிவிட்டு, பழக்கத்தில், அவர் ஓம் என்று சொல்லும்வரை காத்து நின்றேன்.