முந்திக்கொண்டவள்

1.
இந்தக் கதை ஒரு காலி நாற்காலியிலிருந்து வந்தது. ஒரு கலைக்கூடத்தில், அணைத்துவைத்த பெரிய திரைக்கு எதிரே கிடந்தது. கால் கடுத்ததால் உட்காரப் போனேன்.

"அதுல மட்டும் வேணாம் சார்," என்றார் காவலாளி.

ஏனென்று கேட்டேன். காதில் விழாத மாதிரி வேறு பக்கம் போய்விட்டார். மீதியை நானேதான் கட்டினேன்.

2.
முதல் வரி: 'அவள் கண்ணாடிக்கு முன்னால் அமர்ந்து தன்னையே—'

வேண்டாம். எதிரே இருந்தது கண்ணாடி இல்லை. நேராகவே சொல்லிவிடுகிறேன்.

அவள் நிகழ்த்துகலைக்காரி. பார்வையாளர்கள் முன்னால் நாளெல்லாம் சும்மா உட்கார்ந்திருப்பதுதான் நிகழ்ச்சி. கேமரா அவளையே பார்த்துக்கொண்டிருக்கும். அவளுடைய பழைய காணொளிகளையெல்லாம் தின்று வளர்ந்த கணினி, அடுத்து அவள் என்ன செய்வாள் என்று ஊகித்து, எதிர்த் திரையில் அவள் உருவத்தை வைத்தே செய்துகாட்டும். திரையிலிருப்பவள் மூக்கைச் சொறிவாள். ஒரு மூச்சு கழித்து இவளுக்கு அரிக்கும். கூட்டம் சிரிக்கும். ஆரம்பத்தில் இவளும் சிரித்தாள். (அந்தச் சிரிப்பிலும் திரைதான் முந்தியது.)

3.
ஒயர் வேலையெல்லாம் பார்த்தவள் அவளுடைய அக்கா. [முதலில் கணவன் என்று எழுதியிருந்தேன். காதல் கதையாக மாறப் பார்த்தது, அடித்துவிட்டேன்.] அக்காவுக்குக் கலை எட்டிக்காய். தங்கை என்றால் உயிர்.

"நேத்து சாப்பிடும்போது ஏன்டி கையை அந்தரத்துல வச்சுக்கிட்டு உக்காந்திருந்தே?"

"தெரியலக்கா. யாராவது முதல்ல வாயில வைக்கட்டும்னு காத்திருந்த மாதிரி இருந்துச்சு."

"பைத்தியமா உனக்கு? இன்னியோட மூட்டை கட்டு."

"நாளைக்கு ஒரு நாள்தானேக்கா."

4.
மறுநாள் பிற்பகல். திரையிலிருப்பவள் எழுந்தாள்; இவளும் எழுந்தாள். அவள் வாசலைப் பார்த்தாள்; இவளும் பார்த்தாள். பிறகு அவள் மெல்லத் தரையில் படுத்துக் கண்ணை மூடிக்கொண்டாள். மார்பு ஏறி இறங்கவில்லை.

கூட்டம் கைதட்டியது. இவளுக்கு முழங்கால் மடங்கத் தொடங்கியது.

"அக்கா..."

அக்கா பாய்ந்து ஒயரைப் பிடுங்கி எறிந்தாள். திரை இருண்டது. தங்கையைத் தோளோடு அணைத்து வாசல்வரை நடத்திவந்தாள்.

"போயிடுச்சுடி. இனி ஒண்ணுமில்ல. நீயா நட, பாப்போம்." பிடியை விட்டாள்.

தங்கை படியிறங்கக் காலைத் தூக்கினாள்.

5.
இரண்டு முடிவுகள் எழுதிப் பார்த்தேன். ஒன்றில் கால் படியில் பதிகிறது. அக்காவும் தங்கையும் சண்டை போட்டுக்கொண்டே வீட்டுக்குப் போகிறார்கள். மற்றதில் அவள் மெல்லச் சரிந்து, கண்ணை—

நிறுத்திவிட்டேன். நான் எதை எழுதினாலும் அவள் அதைச் செய்துவிடுவாள். அவளுக்கு முன்னால் போகிற இன்னொரு ஆளாக இருக்க எனக்கு மனமில்லை.

தூக்கிய கால் அப்படியே நிற்கிறது. அக்கா மூச்சைப் பிடித்துக்கொண்டு பார்க்கிறாள். தயவுசெய்து நீங்களும் எதையும் ஊகித்துவிடாதீர்கள். கொஞ்சம் பொறுங்கள். அவளே வைக்கட்டும்.