இழுக்குது சரி, எங்கே விடுது?

அந்த வீட்டுக்கு யார் போனாலும் குடிக்கத் தண்ணீர் வருவதற்கு முன்னால் வீட்டுக்காரர் கையில் டிஷ்யூ பேப்பர் வந்துவிடும். நேரே குளியலறைக்குக் கூட்டிப்போவார். எக்ஸாஸ்ட் ஃபேனைப் போட்டு, பேப்பரை மேலே நீட்டுவார். அது மூடியில் சப்பென்று ஒட்டிக்கொள்ளும்.

"எப்படி இழுக்குது பாத்தீங்களா? நான் பக்கத்துல நின்னு மாட்ட வெச்சது."

வந்தவர்கள் தலையாட்டுவார்கள். குளியலறையில் மாட்டிக்கொண்டவர்கள் வேறென்ன செய்வார்கள்?

பக்கத்து அறையில் அவருடைய ஐந்து வயது மகள் இருமிக்கொண்டிருப்பாள். ஒரு வருஷமாக இளைப்பு. அவள் கட்டிலுக்கு நேர் மேலே, ஃபால்ஸ் சீலிங்கில் கருப்பாகப் பூசணம்.

"உன் பொண்ணு ஐஸ் தின்னிருப்பா," என்பார் மனைவியிடம். பரிசு வாங்கினால் 'என் பொண்ணு', இருமினால் 'உன் பொண்ணு'.

"அந்த ரூம்ல ஈரம் எங்கேர்ந்து வருதுன்னு பாருங்கம்மா, மருந்து மட்டும் போதாது," என்றார் டாக்டர். மனைவி, கணவரைக் கேட்காமலே எலக்ட்ரீஷியனை வரவழைத்தாள்.

வீட்டுக்காரர் விடுவாரா? பேப்பரோடு வந்து நின்றார்.

"பாருப்பா, இழுக்குதா இல்லையா?"

"இழுக்குது சார். இழுத்து எங்க விடுது?"

"எங்க விடும்? வெளியதான்."

"வெளிச் சுவத்துல ஓட்டையே காணோமே சார்?"

எலக்ட்ரீஷியன் மகளின் அறையில் ஏணி போட்டு, சீலிங் பலகை ஒன்றை நகர்த்தித் தலையை நுழைத்தார். உடனே இறங்கினார்.

"அம்மா, நீங்களே ஏறிப் பாருங்க."

ஃபேனிலிருந்து வந்த குழாய் கட்டிலுக்கு மேலே வாயைப் பிளந்துகொண்டு கிடந்தது. வீடே குளித்த வெந்நீர் ஆவியெல்லாம் அங்கேதான் குடியிருந்திருக்கிறது.

"யாரு இப்படி விடச் சொன்னது?" என்று ஏணியிலிருந்தே கேட்டாள்.

வீட்டுக்காரர் டிஷ்யூவை நாலாக மடித்தார். "முன்பக்கம் அப்பதான் கல் பதிச்சிருந்தோம். அதுல போய் ஓட்டை போடுவாங்களா? பாக்கறவன் சிரிக்க மாட்டான்?"

"இப்ப போடுங்கண்ணா," என்றாள் அவள்.

"என் சுவத்துல எவனும் கை வெக்கக் கூடாது!"

"பேசி முடிவு பண்ணுங்கம்மா. அதுவரைக்கும் பாப்பா இங்க படுக்க வேணாம்," என்று ஏணியை மடக்கினார் எலக்ட்ரீஷியன்.

அவள் சண்டை போடவில்லை. மகளைத் தன் அறைக்குக் கொண்டுபோய், கணவரின் தலையணையை இந்தக் கட்டிலில் போட்டாள்.

"இது என்ன?"

"உங்க ஃபேன், உங்க சுவரு. நீங்களே படுங்க."

"படுத்தா போச்சு. என் உடம்பு இரும்பு."

இரும்பு மூன்று நாள் தாங்கியது. நாலாம் நாள் காலையில் தும்மலோடு தும்மலாக அவரே போன் செய்தார்.

"தம்பி, டிரில்லிங் மெஷினை எடுத்துட்டு வாப்பா."

"சுவரு சார்?"

"சுவரு கெடக்குது, மூச்சே விட முடியல!"

அவள் கேட்டுக்கொண்டிருந்தாள். "பொண்ணு ஒரு வருஷம் திணறினப்போ சுவரு. உங்க மூக்கு மூணு நாள் அடைச்சா சுவரு கெடக்குதா?"

பதிலுக்கு ஒரு தும்மல் வந்தது.

சுவரில் ஓட்டை விழுந்தது. குழாயின் வாய் வெளியே போனது. பூசணம் பிடித்த பலகைகளும் போயின. மகள் இருமாமல் தூங்க ஆரம்பித்தாள்.

இப்போது விருந்தாளிகளுக்கு டிஷ்யூ தரிசனம் கிடையாது. வாசலிலேயே நிறுத்தி, சுவர் ஓட்டையை அண்ணாந்து பார்க்க வைக்கிறார்.

"ஆவி வெளிய போகணுங்க. இது பல பேருக்குத் தெரியறதில்ல."

"ஆமாங்க," என்று உள்ளேயிருந்து குரல் வரும். "இவருக்கே படுத்துப் பாத்துதான் தெரிஞ்சுது."