மாமியாரைக் கொல்ல நாலு பேர்

எங்கள் விளையாட்டின் கடைசி ராட்சசிக்கு நாங்கள் வைத்த பெயர் மாமியார். அவளுக்கு அசல் பெயர் ஒன்று உண்டு, நீளமாக, வாயில் நுழையாததாக. டெல்ஃபின்தான் அவள் படத்தை முதலில் பார்த்துவிட்டு, "எனக்கு இன்னும் கல்யாணமே ஆகலை, அதுக்குள்ள மாமியார் வந்துட்டாடா" என்றான். அதோடு அந்தப் பெயர் ஒட்டிக்கொண்டது.

பிலிப்பைன்ஸில் எங்கள் ஊர் பாகோலோட். மீன் சந்தைக்குப் பின்னால் டெல்ஃபின் வீடு. முன்னறையில் காசு போட்டால் ஓடும் கம்ப்யூட்டர்கள் நாலு வைத்திருந்தான். வாரமெல்லாம் பள்ளிப் பிள்ளைகள் வந்து நாற்காலியை உடைப்பார்கள். ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்து மத்தியானம் மட்டும் கடை எங்களுக்கு. டெல்ஃபின், அவன் தங்கை ஜோவி, ரொட்டிக் கடையில் மாவு பிசைகிற பெபோட், சவாரி ட்ரைசைக்கிள் ஓட்டுகிற நான். ஆளில்லாத ஒரு பனித் தீவில் நாலு பேரும் வெறுங்கையோடு கரையொதுங்கி, மரம் வெட்டி, குடிசை போட்டு, மீன் பிடித்து, ஓநாய்க்கும் குளிருக்கும் தப்பிப் பிழைக்க வேண்டும். கடைசியில் உறைந்த ஏரிக்கு அடியில் தூங்கும் மாமியாரை எழுப்பிக் கொல்ல வேண்டும். அவ்வளவுதான் விளையாட்டு. அதற்குள்ளே எங்கள் வாழ்க்கையில் பாதி போய்விட்டது என்று ஊரில் சொல்வார்கள். சொல்லட்டும். மீதிப் பாதியை வைத்து ஊர் என்ன கோட்டை கட்டியது?

மாமியாரை எழுப்புவது லேசில்லை. பனிமான் கொம்புகளைச் சேர்த்துப் பீடத்தில் எரிக்க வேண்டும். அந்த மான் கண்ணில் படுவதே அபூர்வம். எரித்துவிட்டுத் தோற்றால் கொம்பும் போச்சு, உழைப்பும் போச்சு, முதலிலிருந்து ஆரம்பிக்க வேண்டியதுதான். அதனால் டெல்ஃபின் அவசரப்பட மாட்டான். "போதாது, இன்னும் அம்பு வேணும், இன்னும் சூப் காய்ச்சணும்" என்று கல்யாண வீட்டுச் சமையல்காரன் மாதிரி அண்டாவைச் சுற்றிக்கொண்டே இருப்பான்.

அப்படி எல்லாம் முக்கால்வாசி சேர்ந்த சமயத்தில்தான் அவனுக்குப் பித்தப்பையில் கல் என்றார்கள். சின்ன ஆபரேஷன். ஆஸ்பத்திரித் தள்ளுவண்டியில் படுத்துக்கொண்டு என்னைப் பார்த்து, "டேய் ரெனான்டே, கொம்பையெல்லாம் பத்திரமா வை. வந்ததும் மாமியாரை ஒரு கை பார்த்துடலாம்" என்றான். மயக்க மருந்து கொடுத்தார்கள். அதிலிருந்து அவன் எழுந்திருக்கவில்லை. யார் மேலும் தப்பில்லை, உடம்பு தாங்கவில்லை என்றார்கள். யார் மேலாவது தப்பு இருந்திருந்தால் சண்டை போட்டாவது மனசு ஆறியிருக்கும்.

இறந்தவர்கள் நாற்பதாம் நாள் வரை வீட்டைச் சுற்றியேதான் இருப்பார்கள், அன்றைக்குத்தான் மேலே போவார்கள். எங்களில் யாருக்கும் இதில் சந்தேகம் கிடையாது. கல்லறையிலிருந்து திரும்பும்போது என் ட்ரைசைக்கிளில் உட்கார்ந்திருந்த பெபோட் சொன்னான்: "அவன் போறதுக்குள்ள முடிச்சிடணும். பார்த்துட்டுப் போகட்டும்." ஜோவி தலையை ஆட்டினாள். நான் வண்டியை ஓட்டிக்கொண்டே அழுதேன், காற்றில் காய்ந்துவிடும் என்று விட்டுவிட்டேன்.

ஒரு சிக்கல் இருந்தது. மாமியார் குகை வாசலில் நாலு கல். தீவில் முதல் நாள் கரையொதுங்கிய நாலு பேரும் ஆளுக்கொரு கல்லில் நின்றால்தான் கதவு திறக்கும். புதிதாக ஆள் சேர்க்க முடியாது. டெல்ஃபினின் ஆள் தீவில் இருந்தான், அவனை நடத்திக்கொண்டு வரத்தான் கை இல்லை.

"எதிர் வீட்டுப் பையனை உட்கார வைக்கலாம்" என்றேன். "சும்மா நடக்கத்தானே வேணும்."

வாசலில் வாழைப்பழம் பொரித்துக்கொண்டிருந்த நனாய் அவுரிங் கரண்டியோடு உள்ளே வந்தாள். டெல்ஃபினின் அம்மா. எங்கள் எல்லோருக்குமே அவள் நனாய், அம்மாதான்; பையன்கள் எங்களை அவள் தோதோ என்பாள். கம்ப்யூட்டரைக் கண்டாலே அவளுக்கு ஆகாது. "இந்தப் பெட்டிதான் எனக்கு வாய்ச்ச மருமகள்" என்று எத்தனையோ முறை வைதிருக்கிறாள்.

"எவனை உட்கார வைப்பே?"

"இல்ல நனாய், அவன் ஆளை நடத்திக் கூட்டிட்டுப் போக..."

"என் மகன் நாற்காலியில எவனும் உட்கார வேண்டாம். எப்படி நடத்தணும்னு எனக்குச் சொல்லு, தோதோ."

பெபோட் சிரித்துவிட்டான். கரண்டி அவன் தோளில் விழுந்தது.

அப்படித்தான் அவள் எங்கள் பக்கத்தில் வந்து உட்கார்ந்தாள், எண்ணெய்க் கையைப் பாவாடையில் துடைத்துக்கொண்டு. திரையில் டெல்ஃபினின் ஆள் குடிசை நெருப்பின் பக்கத்தில் நின்றிருந்தான், அவன் கடைசியாக விட்டுப் போன இடத்திலேயே.

"இவனா?"

"இவன்தான் நனாய்."

"இத்தனை தாடி எதுக்கு? ஷேவ் பண்ணிக்கச் சொன்னா கேட்டாத்தானே." கொஞ்ச நேரம் பார்த்தாள். "மெலிஞ்சு போயிருக்கான்."

"பசியில இருக்கான். இந்த பட்டனைத் தட்டுங்க, சூப் குடிப்பான்."

தட்டினாள். குடித்தான். இன்னொரு முறை தட்டினாள். மூன்றாம் முறை வயிறு நிறைந்துவிட்டது என்று எழுத்து வந்தது. "அவன் அப்படித்தான் சொல்லுவான், இன்னும் ஒண்ணு குடு" என்றாள்.

நடப்பதுதான் அவளுக்கு வரவில்லை. சுவரில் முட்டுவாள், மரத்தில் முட்டுவாள், ஏரியில் இறங்கிவிடுவாள். "இந்தப் பக்கம் திரும்புடான்னா அந்தப் பக்கம் போறான். பிறந்ததுலேர்ந்து இதே கதைதான்" என்று அவனைத் திட்டுவாள். நாங்கள் மூன்று பேரும் கொம்புக்கும் அம்புக்கும் காட்டில் அலைந்தோம். அவள் அவனைக் குடிசையிலேயே வைத்துக்கொண்டாள். பனி பெய்தால் உள்ளே கூட்டிப்போய்விடுவாள். ஓநாய் ஊளையிடும் சத்தம் கேட்டால் கதவைச் சாத்துவாள். எங்களுக்கு அதுவே வசதியாக இருந்தது.

ஒருநாள் கேட்டாள்: "மாமியாரை எதுக்குடா கொல்லணும்? என் மாமியாரோட பத்தொன்பது வருஷம் குப்பை கொட்டினேன். நான் கொன்னேனா?"

"உங்க மாமியார் எலும்புக் கையால ஆளைத் தூக்கி எறிஞ்சாங்களா நனாய்?" என்றான் பெபோட். 

"வாயாலேயே எறிவா."

டெல்ஃபின் போனபிறகு அந்த அறையில் முதன்முதலாக எல்லோரும் சேர்ந்து சிரித்தது அன்றைக்குத்தான். சிரித்து முடித்ததும் ஜோவி எழுந்து பின்கட்டுக்குப் போய்விட்டாள்.

நாற்பதாம் நாள் ஞாயிற்றுக்கிழமையாகவே அமைந்தது. காலையில் பூசை, வீட்டில் ஜெபமாலை, அதன்பிறகு சாப்பாடு. சுட்ட கோழியும் நூடுல்ஸும் டெல்ஃபினுக்கும் ஒரு தட்டில் வைத்தாள் நனாய். உறவுக்காரர்கள் வெற்றுப் பாத்திரத்தை மூட்டை கட்டிக்கொண்டு கிளம்பும்வரை பொறுமையாக இருந்து, கதவைச் சாத்திவிட்டு நாலு பேரும் உட்கார்ந்தோம்.

கொம்புகள் எரிந்தன. நாலு கல்லில் நாலு பேரும் நின்றோம். நனாயின் ஆளைக் கல்மேல் ஏற்றுவதற்குள் எனக்கு வியர்த்துவிட்டது. கதவு திறந்தது.

"உங்களுக்கு ஒரு வேலையும் இல்லை நனாய். அந்தத் தூணுக்குப் பின்னால நின்னா போதும். வெளியே மட்டும் போயிடாதீங்க."

மாமியார் எழுந்தாள். கூரை முட்டும் உயரம், தரையைக் கூட்டும் தலைமயிர். நான் கேடயத்தோடு முன்னால். பெபோட் ஈட்டியோடு பக்கவாட்டில். ஜோவி பின்னாலிருந்து அம்பு. டெல்ஃபின் இத்தனை மாதமாக எங்கள் தலையில் ஏற்றிய ஒவ்வொன்றும் அன்று கை கொடுத்தது. எப்போது குனிய வேண்டும், எப்போது சூப் குடிக்க வேண்டும், எந்தக் கையை முதலில் உடைக்க வேண்டும், எல்லாம் அவன் சொன்னது. அவன் பக்கத்தில் நின்று கத்துவது மாதிரியே இருந்தது எனக்கு. மாமியாரின் உயிரைக் காட்டும் ரத்தக்கோடு குறைந்து குறைந்து ஒரு நகக்கீற்று அளவுக்கு வந்துவிட்டது.

அப்போது அவள் பெபோட்டின் ஆளைப் பிடித்துத் தூக்கித் தரையில் அடித்தாள். அவன் எழவில்லை.

"பரவாயில்ல, நான் போயிட்டேன், நீங்க முடிங்க!" என்று பெபோட் கத்தினான்.

"போயிட்டானா?" என்றாள் நனாய். "போயிட்டான்னா?"

நாங்கள் மாமியாரையே பார்த்துக்கொண்டிருந்தோம். கை வேலையாக இருந்தது. பக்கத்தில் விசை தட்டும் சத்தம் கேட்டது. திரும்பிப் பார்த்தால் அவள் திரையில் தூண் இல்லை. பனி இருந்தது. அவள் அவனை வெளியே கூட்டிக்கொண்டு போய்விட்டாள்.

நாலில் ஒருவர் உயிரோடு குகையை விட்டு வெளியேறினால் மாமியார் இழந்த ரத்தமெல்லாம் திரும்பவும் ஏறிவிடும். ஏறியது. வெண்ணெய் திரண்டு வரும்போது தாழி உடைந்த கதை. ஜோவி விழுந்தாள். நான் விழுந்தேன். திரை கறுத்தது.

எனக்கு வந்த கோபம் எனக்குத்தான் தெரியும். நாற்காலியை அவள் பக்கம் திருப்பினேன்.

"என்ன காரியம் பண்ணினீங்க நனாய்! இன்னும் ஒரே ஒரு அடி! இன்னைக்கு விட்டா அவன் எப்ப பார்ப்பான்? இன்னைக்கு அவன் போயிடுவானே!"

அவள் திரையிலிருந்து கண்ணை எடுக்கவில்லை. இத்தனை நாள் சுவரில் முட்டியவள், இப்போது கோடு போட்ட மாதிரி நேராக நடத்திக்கொண்டிருந்தாள்.

"அது என் பிள்ளையையும் அடிச்சிருக்கும்."

"அடிச்சா என்ன? செத்தா என்ன? இது விளையாட்டு நனாய்! செத்தா குடிசைக் கட்டில்ல முழிச்சுக்குவான்!"

அதை நாங்கள் அவளுக்குச் சொல்லியிருக்கவே இல்லை. நடக்கச் சொல்லிக் கொடுத்தோம், சூப் குடிக்கச் சொல்லிக் கொடுத்தோம். இதைச் சொல்ல வேண்டும் என்று யாருக்குமே தோன்றவில்லை. ஆயிரம் முறை செத்து முழித்தவர்களுக்கு அது சொல்கிற விஷயமாகவே இல்லை.

"ஆஸ்பத்திரியிலயும் அப்படித்தான் சொன்னாங்க, தோதோ" என்றாள். "முழிச்சுக்குவான்னு."

நான் நாற்காலியைத் திரும்பவும் திரைப் பக்கம் திருப்பிக்கொண்டேன். பெபோட் தலையைக் குனிந்துகொண்டான். விசை தட்டும் சத்தம் மட்டும் கேட்டது. பனிக்காடு கடந்தது. ஏரிக்கரை கடந்தது. குடிசைக் கதவைத் திறந்து அவனை உள்ளே கொண்டுவந்துவிட்டாள். பெரிதாக மூச்சு விட்டாள்.

உள்ளே கட்டில்கள் பக்கத்தில் மூன்று பேர் நின்றிருந்தார்கள், மூட்டையில்லாமல், வெறுங்கையோடு.

"இவங்க யாரு?"

"நாங்கதான் நனாய்" என்றேன்.

"நீங்க இப்பதானே செத்தீங்க?"

"ஆமா. முழிச்சுக்கிட்டோம்."

அவள் திரையைப் பார்த்தாள். எங்களைப் பார்த்தாள். பெபோட்டின் ஆளை விரலால் தொட்டாள், கண்ணாடியில் எண்ணெய்த் தடம் விழுந்தது.

"இவனுமா? இவனைத் தரையில போட்டு அடிச்சதே."

"அவனும்தான்."

"மூணு பேருமா?"

"மூணு பேரும் நனாய்."

சவப்பெட்டிமேல் கண்ணீர் விழுந்தால் போகிறவனுக்குக் கால் கனத்துவிடும் என்பார்கள் எங்கள் ஊரில். அதற்குப் பயந்து அடக்கத்தன்றுகூட அவள் அழவில்லை. இன்றைக்கு அவன் போகிற நாள், இன்றைக்கும் அழக் கூடாதுதான். ஆனால் அவள் முகம் கோணியது. மேசை விளிம்பைப் பிடித்துக்கொண்டாள்.

"எல்லாரும் முழிச்சுக்கிறீங்களேடா" என்றாள். "எல்லாரும் முழிச்சுக்கிறீங்களே! அவன் ஒருத்தன் முழிக்கிறதுக்கு என்ன?"

ஜோவி ஓடிவந்து அவளைக் கட்டிக்கொண்டாள். நனாய் வாய்விட்டு, தெருவுக்கே கேட்கும்படி அழுதாள். அவன் காதிலும் விழுந்திருக்கும். போகும் வழியில் அவனுக்குக் கால் கனத்திருந்தால் கனக்கட்டும் என்றுதான் எனக்கு அப்போது தோன்றியது.