ஆழம் எங்கள் பக்கம்

என் தங்கைமேல் எனக்கு இருக்கும் வயிற்றெரிச்சலை மறைத்துப் பயனில்லை. அவள் ஆற்றுக்கு அந்தக் கரையில், வேறு நாட்டில் வாழ்க்கைப்பட்டவள். நான் இந்தக் கரையில். நடுவில் தீவு. அதில் அப்பாவும் அவருடைய பழத்தோட்டமும்.

பனிமலையிலிருந்து பாறையைக் குடைந்துகொண்டு வரும் ஆறு, தீவின் தலைமாட்டில் இரண்டாகப் பிரிகிறது. அடித்துக்கொண்டு ஓய்ந்த காலத்தில் இரண்டு அரசாங்கங்களும் ஒப்பந்தம் போட்டுக்கொண்டன: எந்தக் கிளை ஆழமோ அதுதான் எல்லை. வருடாவருடம் வெள்ளம் வடிந்ததும் அளக்க வேண்டும். எங்கள் கிளையை அளப்பவர் என் வீட்டுக்காரர். அந்தக் கிளையை அளப்பவர் தங்கை புருஷன். இவருக்கு அவர் சகலை, எனக்குத் தலைவலி.

எப்போதும் அந்தக் கிளைதான் ஆழம். அதனால் தீவு எங்கள் நாட்டில் இருந்தது. நான் அழைப்பு எழுதி அனுப்பினால்தான் தங்கை அங்கே வர முடியும். தினமும் சாப்பாடு கொண்டுபோவது நான். அப்பா கேட்பதோ, "சின்னவ எப்ப வர்றா?" அந்தக் கடுப்பில் அழைப்பை மறந்ததுபோல் இழுத்தடிப்பேன்.

அவளும் சும்மா இருப்பாளா? "எங்க வீட்டுக்காரருக்குக் கயிறே பத்தலக்கா, அவ்வளவு ஆழம்!" என்பாள் போனில். நான் போனை வைத்துவிட்டு இவர்மேல் பாய்வேன். "முழங்கால் தண்ணிய அளக்க ஒரு ஆபீஸு, ஒரு படகு!" மனிதர் தட்டைப் பார்த்தபடியே சாப்பிடுவார்.

இந்த வருட வெள்ளம் மேலே ஒரு பாறையைப் புரட்டி, தண்ணீரை எங்கள் பக்கம் திருப்பிவிட்டது. அளக்கும் நாளில் நானும் கரைக்குப் போனேன். கயிறு இறங்கியது, இறங்கிக்கொண்டே இருந்தது. இவர் அளவைக் கத்திச் சொன்னார். முந்தின நாள் அளந்த அந்தக் கிளையைவிட ஒரு சாண் அதிகம். நான் கை தட்டினேன்.

சாட்சிக்குப் படகில் இருந்த சகலை தயங்கினார். "அண்ணே, பாறை இடுக்குல இறங்கின மாதிரி இருக்கு. கொஞ்சம் தள்ளி இன்னொரு தடவை பாத்துடலாமே?"

"ஏன், எங்க பக்கம் ஆழமா இருக்கக் கூடாதா?" என்றார் இவர்.

"அவரு சரியாத்தான் அளந்திருக்காரு! கையெழுத்தப் போடுங்க!" என்று கரையிலிருந்து நான் கத்தினேன்.

போட்டார்கள். சகலை என்னைப் பார்க்கவில்லை, தீவைப் பார்த்தார். அங்கே வேலியோரம் அப்பா நின்றிருந்தார். சட்டம் தெரியாதவளா நான்? பொறாமையில் புத்தி மழுங்கிவிட்டது. எல்லை எங்கள் பக்கம் வந்துவிட்டது. தீவோடு அப்பாவும் அந்த நாட்டுக்குப் போய்விட்டார்.

சாயங்காலம் தங்கை போன் செய்தாள். குத்திக்காட்டப் போகிறாள் என்று பல்லைக் கடித்துக்கொண்டு எடுத்தேன்.

"அக்கா, அழாத. உனக்கு அழைப்பு எழுதி அனுப்பிட்டேன். சீக்கிரம் வா. 'பெரியவ எப்ப வர்றா'ன்னு அப்பா கேட்டுக்கிட்டே இருக்காரு."