சாய்தளத்தில் முதல் ஆள்

இருபது வருடமாகத் தைசியாவின் முதுகுக்குப் பின்னால் தண்ணீர்தான் இருந்தது. நிஜத் தண்ணீர் இல்லை, திரையில் தீட்டிய ஏரி. பாலேக் கூட்டத்தில் கடைசி வரிசையில் நிற்பவர்களை வோல்கா கரையிலிருந்த அந்த அரங்கில் ‘தண்ணியோரத்துக்காரிகள்’ என்பார்கள். அங்கிருந்து ஓரடிகூட முன்னால் வராமலே அவளுக்கு முப்பத்தெட்டு ஆகிவிட்டது. இருபது பருவம் ஆடியாயிற்று, பாலே விதிப்படி இனி ஓய்வூதியம். அதன் பிறகும் ஆட வேண்டுமென்றால் வருடா வருடம் இயக்குநர் கையெழுத்துப் போட வேண்டும். இயக்குநர் ஸூபவ் யோசிப்பதாகச் சொன்னார். அவர் யோசித்தால் என்ன அர்த்தம் என்று துணி துவைக்கிறவளுக்குக்கூடத் தெரியும்.

அந்தச் சமயத்தில்தான் மிலானா கணுக்காலைப் பிசகிக்கொண்டாள். அப்போது ஆடிக்கொண்டிருந்த பாலேயில், இறந்த பெண்களின் ஆவிகள் வரும் ‘நிழல்கள்’ காட்சியில் முதலில் இறங்குகிறவள் அவள். வெள்ளை உடையில் முப்பத்திரண்டு பெண்கள் சாய்தளத்தில் ஒருத்தி பின் ஒருத்தியாக இறங்கி வருவார்கள். ஒற்றைக் காலில் நின்று, மறுகாலைப் பின்னால் நீட்டி, நிமிர்ந்து, இரண்டடி வைத்து, திரும்பவும் அதே. கடைசி ஆளுக்கு ஏழெட்டுத் தடவையோடு வேலை முடிந்துவிடும். முதல் ஆள் முப்பத்தொன்பது தடவை செய்ய வேண்டும். ஆரம்பத்தில் மேடையில் அவள் ஒருத்திதான். முட்டி லேசாக நடுங்கினாலும் மேல்மாடியில் உட்கார்ந்திருப்பவன் பக்கத்து ஆளிடம் சொல்லிவிடுவான்.

பயிற்சியைக் கவனிக்கும் ரோஸா யெஃபீமவ்னா சற்றும் தயங்காமல் தைசியாவைக் கைகாட்டினார். இருபது வருடத்தில் ஒருநாள்கூடத் தடுமாறாத கால் அது, பார்க்கத்தான் ஆளில்லை என்றார். ஸூபவ் முகத்தைச் சுளித்தார். “சரி, வியாழக்கிழமை ஆடட்டும். பார்த்துட்டு அந்தக் காகிதத்துல கையெழுத்துப் போடறதா வேணாமான்னு சொல்றேன்.”

ஆக, எல்லாம் அந்த ஒரு சாயங்காலத்தில் வந்து நின்றது. கால் தயாராகத்தான் இருந்தது. சிக்கல் இசை நடத்துநர் வெனியமின் லூகிச்சிடம். ஓபராவிலிருந்து புதிதாக வந்தவர், ரயிலுக்கு நேரமான மாதிரிதான் எதையும் நடத்துவார். ஒத்திகையில் அவர் கோலை விரட்டிய விரட்டலில் காலை முழுக்க நீட்டுவதற்குள் இறக்க வேண்டியிருந்தது. சாய்தளத்தில் இரண்டு பெண்கள் தடுமாறி ஒருத்தி தோளை ஒருத்தி பிடித்துக்கொண்டார்கள். திட்டு என்னவோ அவர்களுக்குத்தான் விழுந்தது.

அப்போது தைசியா ஒரு காரியம் செய்தாள். நேராக மேஸ்ட்ரோவின், அதாவது அந்த இசை நடத்துநரின், அறைக்குப் போய்க் கதவைத் தட்டினாள். வேகத்தைப் பற்றி மேஸ்ட்ரோவிடம் பேசுவது நாயகிக்கு மட்டுமே உள்ள உரிமை. கூட்டத்தில் ஆடுகிறவள் அவருக்கு வணக்கம் சொல்லலாம், அதோடு சரி. அவர் ரொட்டித் துண்டில் மீனை அடுக்கிக்கொண்டிருந்தார், நிமிரவில்லை. கொஞ்சம் நிதானமாக எடுத்தால் நல்லது என்று இவள் சொல்லி முடித்தாள்.

“முப்பத்திரண்டு பேரும் ஆளுக்கொரு வேகம் கேட்டா நான் எங்கேம்மா போறது?”

“முப்பத்திரண்டு பேருக்கும் ஒரே வேகந்தான், வெனியமின் லூகிச்.”

“கதவைச் சாத்திட்டுப் போங்க.”

விஷயம் உடைமாற்றும் அறைக்கு அவளுக்கு முன்பே போய்ச் சேர்ந்திருந்தது. வரிசையில் அவளுக்கு அடுத்து இறங்கும் கிளாஷா தலையில் கைவைத்துக்கொண்டாள். “வாயை வச்சுக்கிட்டுச் சும்மா இருக்க மாட்டியா தைசியா? இனி வேணும்னே இன்னும் வேகமா அடிப்பான் பாரு.”

வியாழக்கிழமை வந்தது. புது இடத்தில் முதன்முறை ஆடப்போகிறவளை ராசிக்காக முட்டியால் பின்னால் ஒரு இடி இடித்து அனுப்புவது அங்கே வழக்கம். சின்னப் பெண்களெல்லாம் வரிசையில் நின்று இடித்தார்கள். தைசியா சிரித்தாள். உள்ளுக்குள் பயந்து செத்துக்கொண்டிருந்தாள். ஏறுவதற்கு முன் அவர்களிடம் ஒன்றைத்தான் சொன்னாள்: “பாட்டைக் கேக்காதீங்க. முன்னாடி போறவ கழுத்தைப் பாருங்க.”

“நீ யார் கழுத்தைப் பார்ப்பே?” என்றாள் கிளாஷா.

“அது என் கவலை.”

திரை விலகியது. கிளாஷா சொன்னபடியே ஆயிற்று. வயலின்கள் குதிரை பூட்டிய வண்டியாகக் கிளம்பின. தைசியா முதல் அடியை வைத்துக் காலைப் பின்னால் நீட்டினாள். இசை அந்த அடியை முடித்து அடுத்ததற்குத் தாவியது. அவள் தாவவில்லை. அவள் கால் இன்னும் நீண்டுகொண்டிருந்தது. அப்படியே நின்றாள். இசையை விட்டுவிட்டு ஆடுவதைவிடப் பெரிய குற்றம் பாலேயில் கிடையாது. ஓரத்தில் ரோஸா யெஃபீமவ்னா வாயைப் பொத்திக்கொண்டார்.

மேலே கிளாஷா நுழைய வேண்டிய நேரம் தாண்டிவிட்டது. அவளும் நுழையவில்லை. முன்னால் உள்ள கழுத்தைப் பார்த்தபடி நின்றாள். அவளுக்குப் பின்னால் இருட்டில் முப்பது பேரும் நின்றார்கள். வாத்தியக்காரர்கள் யாருமே இறங்கி வராத சாய்தளத்துக்கு வாசித்துக்கொண்டிருந்தார்கள். வெனியமின் லூகிச் அப்போதுதான் அன்றைக்கு முதல் தடவையாக மேடையை நிமிர்ந்து பார்த்தார். ஒரு பெண் ஒற்றைக் காலில் கொஞ்சமும் அசையாமல் நின்றுகொண்டிருந்தாள். அவர் கோல் காற்றில் நின்றது. வயலின்கள் மூச்சை இழுத்துப் பிடித்தன.

தைசியா நிமிர்ந்து, தன் நேரத்துக்கு, இரண்டடி வைத்தாள். கோல் அவளோடு இறங்கியது. கிளாஷா உள்ளே வந்தாள்.

அதன்பின் முப்பத்தெட்டு தடவையும் கால் எழுந்த பிறகுதான் கோல் எழுந்தது. ஒவ்வொருத்தியாகச் சேரச் சேரச் சாய்தளமே ஒற்றை உடம்பாகிக் கீழே வழிந்தது. எவளும் தடுமாறவில்லை. கடைசி ஆள் தரையைத் தொட்டதும் நாயகி வரும்வரைகூடக் காத்திராமல் மேல்மாடி கைதட்ட ஆரம்பித்தது. பிறகு மொத்த அரங்கும் சீராகத் தட்டியது. தைசியாவுக்குத் தொடை எரிந்தது, கண் கரித்தது. இவ்வளவு சந்தோஷமாக அவள் தன் வாழ்நாளில் இருந்ததில்லை.

காட்சி முடிந்து திரை விழுந்ததுமே ஸூபவ் ஓரத்துக்கு வந்துவிட்டார். ரோஸா யெஃபீமவ்னாவிடம், மிலானா கால் சரியானாலும் இவளை அந்த இடத்திலிருந்து எடுக்க வேண்டாம் என்றார். காகிதம்? அது காலையில் மேசையில் இருக்கும் என்றார்.

எல்லாம் முடிந்து, ரசிகர்களை வணங்கத் திரை மறுபடி திறந்தது. வழக்கப்படி நாயகி போய் மேஸ்ட்ரோவின் கையைப் பிடித்து மேடைக்கு அழைத்து வந்தாள். அவர் குனிந்து வணங்கினார். பிறகு யாரும் எதிர்பாராமல் திரும்பி, வரிசையில் நின்ற தைசியாவிடம் வந்து நின்றார். முகம் சிவந்திருந்தது. அரங்கம் ஆர்ப்பரித்துக்கொண்டிருந்தபோது பல்லைக் கடித்தபடி கேட்டார்.

“இப்படி நிக்கப் போறேன்னு முன்னாடியே சொல்லித் தொலைக்க வேண்டியதுதானே?”

“சொன்னேனே, வெனியமின் லூகிச்,” என்றாள் தைசியா.

அவர் அவள் கையைப் பற்றி, விளக்கு வரிசைவரை, மேடையின் முன் விளிம்புவரை நடத்திக் கொண்டுபோய் நிறுத்திவிட்டு, தான் ஓரடி பின்னால் தள்ளி நின்று கைதட்டினார்.