கிளெக் காக்காவின் விடுதலைக் கடிதம்

1912ஆம் ஆண்டு ஏப்ரல் மாதம் லங்காஷயரில் நடந்த இரண்டாம் டிவிஷன் ஆட்டமொன்றில் பந்தைத் தலையால் முட்ட எகிறிய ஆர்தர் கிளெக், 2002 ஜூன் மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை பத்தரை மணிக்கு அமெரிக்காவில் ஈஸ்ட் பிரன்ஸ்விக் பூங்கா மைதானத்தில் தரையிறங்கினார். பந்து வரவில்லை. அங்கே ஆடிக்கொண்டிருந்தவர்கள் காயல்பட்டினத்துக்காரர்கள். கால்பந்தோடு வளர்ந்தவர்கள் என்பதால், வந்தவர் எந்த இடத்தில் ஆடுபவர் என்பதைத்தான் முதலில் கேட்டார்கள். ரைட் ஹாஃப் என்றார். அந்த இடம் காலியாகவே இருந்தது. ஆனால் தன் கிளப் விடுவித்துக் கடிதம் தராமல் வேறு அணிக்கு ஆடக் கூடாது என்று சொல்லிவிட்டு, கோட்டுக்கு வெளியே போய் நின்றுகொண்டார்.

அணித் தலைவர் சிராஜ், மருந்துக் கம்பெனி ஒன்றில் கான்ட்ராக்டில் புரோகிராம் எழுதுபவர், அவரைத் தன் வீட்டு பேஸ்மென்ட்டில் தங்கவைத்தார். கிளெக் தன் கதையைச் சொன்னார். அவர் மனைவி எடித்துக்கு நுரையீரல் பழுது. ஆலைப் புகையை விட்டு அவளைக் கூட்டிப்போக, கடலோர ஊர் கிளப் ஒன்றுக்கு மாற்றல் கேட்டார். கிளப் மூன்று முறை மறுத்தது. அந்நாளைய விதிப்படி, கிளப் பிடித்துவைத்த ஆட்டக்காரர் வேறெங்கும் ஆட முடியாது. எடித் 1912 ஜனவரியில் இறந்தாள். சிராஜ் கிளெக்கின் பழைய ஊருக்குக் கடிதம் எழுதிப் பார்த்தார். கிளப் 1931இலேயே கலைந்துவிட்டது என்றும், கிளெக்கை விடுவித்ததாகப் பதிவு எதுவும் இல்லை என்றும் நகர நூலகத்திலிருந்து பதில் வந்தது.

ஐந்து வருடம் ஒவ்வொரு ஞாயிறும் கிளெக் கோட்டருகே நின்றார். வயது ஏறவில்லை. சிராஜின் மனைவி ஷரீபாவிடம் தமிழ் கற்றுக்கொண்டார். காயல்பட்டினத்தில் அண்ணனைக் காக்கா என்பார்கள். அவர் கிளெக் காக்கா ஆனார். சிராஜின் மகள் ஃபைஹா ஆங்கிலத்தில் கேட்பதற்கெல்லாம் தமிழில் பதில் சொன்னவர் அந்த வீட்டில் அவர் ஒருவர்தான்.

2007இல் ஊரில் சிராஜின் வாப்பா பக்கவாதத்தில் படுத்தார். கம்பெனி லீவு தரவில்லை. டெக்சாஸில் ரவுண்ட் ராக்கிலிருந்து வேறு வேலை வந்தது. சேர இரண்டு மாத அவகாசமும் இருந்தது. ஆனால் மாறினால் கிரீன் கார்டுக்கு முதலிலிருந்து அப்ளை பண்ண வேண்டும்.

"இன்னும் ஒரு வருஷம்தான். இப்ப quit பண்ணா அஞ்சு வருஷமும் வேஸ்ட்," என்றார் சிராஜ்.

"வாப்பாவுக்கு ஒரு வருஷம் இருக்குன்னு உங்களுக்கு யார் சொன்னா?" என்றார் ஷரீபா.

வெங்காயம் நறுக்கிக்கொண்டிருந்த கிளெக் தலை நிமிராமல், "எடித்கிட்ட நானும் அடுத்த சீசன்னுதான் சொன்னேன்," என்றார்.

ஷரீபா பிரின்டரிலிருந்து ஒரு தாளை உருவி, ஆர்தர் கிளெக்கை விடுவிக்கிறோம், இனி அவர் விரும்பிய இடத்தில் ஆடலாம் என்று எழுதி, செயலாளர் என்று கையெழுத்துப் போட்டார்.

"சீல் இல்லையே," என்றார் கிளெக்.

ஷரீபா பள்ளிவாசல் ஞாயிறு வகுப்பில் பாடம் எடுப்பவர். அந்த வகுப்பின் ரப்பர் ஸ்டாம்பைக் கைப்பையிலிருந்து எடுத்துக் குத்தினார். கிளெக் இரண்டு முறை படித்தார்.

"இது போதும்," என்றார்.

மறுநாள் ஞாயிறு, தொண்ணூறு நிமிடமும் ஆடினார். திங்கட்கிழமை சிராஜ் ராஜினாமா கொடுத்தார். ஊரில் நாற்பத்தொரு நாள் வாப்பாவுக்குத் தன் கையால் கஞ்சி ஊட்டினார். நாற்பத்திரண்டாம் நாள் அடக்கம் நடந்தது. குடும்பம் ரவுண்ட் ராக்குக்குக் குடிபெயர்ந்தது. கிரீன் கார்டு 2009 வரை வரவில்லை.

கிளெக் மேற்குக் கரையில் ஃப்ரீமான்ட்டில் ஒரு தமிழர் அணியைத் தாமே தேர்ந்துகொண்டார். லீக் பதிவுப் படிவத்தில் பிறந்த வருடம் 1882 என்று நிரப்பினார். படிவங்களைச் சரிபார்த்த ஷ்யாமளா அதைப் பார்த்துவிட்டு, அவரை முப்பத்தைந்து வயதுக்கு மேற்பட்டோர் பிரிவில் சேர்த்தார்.